முகம் காட்டாத நடிகை

கேள்வி: இத்தாலிய நாடக மேடையின் பேரரசி என்று போற்றப்படும் எலியோனோரா டூஸே நடித்த ஒரே திரைப்படமான ‘சேனெரே’யை (சாம்பல்) அண்மையில் பார்த்தேன். பல காட்சிகளில் அவர் முகமே சரியாகத் தெரியவில்லை. காமிராவுக்கு அஞ்சிய ஒரு முதிய நடிகையின் தோல்வியை ஏன் காவியம் என்கிறார்கள்?

பதில்: அஞ்சியவர், 1909இல் மேடையை விட்டு விலகி ஓய்ந்திருந்த நிலையில், 1916இல் ஏறத்தாழ 58 வயதில், நரைத்த தலையுடன் முற்றிலும் புதியதொரு கலைக்குள் நுழைந்திருப்பாரா? தம்மை நிழலிலேயே விடும்படி இயக்குநர் ஃபெபோ மாரியை அவர் வேண்டிக்கொண்டது உண்மைதான். அதற்குரிய காரணத்தை அவருடைய வயதில் மட்டும் தேடாமல், கதையிலும் தேடியிருக்க வேண்டும்.

கிராசியா டெலெட்டாவின் நாவலிலிருந்து எடுக்கப்பட்ட அந்தக் கதையில், சார்டினியா தீவின் மலைநாட்டு ஏழைப் பெண்ணான ரொசாலியா, மணமாகாமல் பெற்ற மகனை, தகப்பனிடமாவது பிழைத்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டு மறைந்துபோகிறாள். படித்து ஆளாகி, மணம் பேசப்பட்ட நிலையில் அவன் அவளைத் தேடிக் கண்டபின், தான் உயிரோடிருப்பதே அவன் வாழ்வுக்குத் தடை என்றெண்ணித் தன்னையே மாய்த்துக்கொள்கிறாள். ஊரார் கண்ணில் படாமல் ஒதுங்கியே வாழ்நாளைக் கழித்த அந்தத் தாய், அண்மைக் காட்சியில் (குளோசப்பில்) முகம் நிறைய வந்து நின்று அழுதிருந்தால் அது பொய்யாகியிருக்கும். டூஸே குனிந்த முதுகாலும், தயங்கும் நடையாலும், எல்லாவற்றுக்கும் மேலாகத் தம் கைகளாலும் நடித்தார். அதே காலத்து இத்தாலிய நட்சத்திரமான லிடா போரெல்லியின் படமொன்றை அடுத்துப் பாருங்கள்; உடலை வளைத்து நெளித்துத் துயரத்தை அறிவிப்பதற்கும், துயரத்தை உள்ளே வைத்துக்கொண்டு நடப்பதற்கும் உள்ள தொலைவு விளங்கும்.

படம் அக்காலத்தில் வெற்றி பெறவில்லை. இன்று நமக்குக் கிடைப்பது ஏறக்குறைய அரைமணி நேரத்துக்கான படச்சுருள்தான். அது குறையற்ற படம் என்று நானும் வாதிட மாட்டேன். நாவலின் விரிவு அதில் இல்லை. டூரின் நகரத்து அம்புரோசியோ நிறுவனம் தயாரித்த அப்படத்தின் மலைக்காட்சிகள் சார்டினியாவில் எடுக்கப்பட்டவையும் அல்ல, வடக்கே பீட்மோன்ட் பகுதியில் எடுக்கப்பட்டவை. மகனாகவும் நடித்த இயக்குநர் மாரி, அரங்கின் கடைசி வரிசைக்கும் தெரியவேண்டும் என்பதுபோல் கைவீசி நடிக்கிறார். மேடைப் பழக்கத்தை விடமுடியாமல் அந்தப் படத்தில் தோற்றவர் ஒருவர் உண்டென்றால், அவர் மாரிதான்; டூஸே அல்லர்.