ஆயிரம் ரால்ட்ஸ் பார்த்தும் ஷைனி வரவில்லை, காசு கொடுத்து வாங்கிவிடலாமா?

கேள்வி: நிண்டெண்டோ ஸ்விட்சில் ‘போகிமான் ஸ்கார்லெட்’ ஆடுகிறேன். ஷைனி ரால்ட்ஸுக்காக அலைகிறேன். ஹெர்பா மிஸ்டிகா போட்டு சாண்ட்விச் செய்து, அவுட்பிரேக்கில் நாற்பது வரை அடித்துவிட்டுத்தான் தேட ஆரம்பித்தேன். ஆயிரம் ரால்ட்ஸாவது பார்த்திருப்பேன், ஒன்றுகூட ஷைனி இல்லை. 512-க்கு ஒன்று என்று ஒரு வீடியோவில் சொன்னார்கள். என் சேவ் ஃபைலில் ஏதாவது கோளாறா? ஷைனி சார்ம் என்னிடம் இல்லை. ஒரு குழுவில் 400 ரூபாய்க்கு ஷைனி கார்டெவார் தருகிறேன் என்கிறார் ஒருவர். வாங்கலாமா? (கல்லூரி மாணவர்)

பதில்: முதலில் அந்த 400 ரூபாயைப் பையிலேயே வையுங்கள் தம்பி. உங்கள் சேவ் ஃபைலில் ஒரு கோளாறும் இல்லை. கணக்கில்தான் சின்னப் பிசகு, அதைச் சரிசெய்துவிடலாம்.

புதிதாகப் படிப்பவர்களுக்கு ஒரு விளக்கம். போகிமான் என்பவை இந்த வீடியோ ஆட்டத்தில் நாம் பிடித்து வளர்க்கும் கற்பனை உயிரினங்கள். அவற்றில் ஒன்று ரால்ட்ஸ், அது வளர்ந்து எடுக்கும் உருவங்களில் ஒன்று கார்டெவார். ஒரே வகைப் போகிமான் ஓரிடத்தில் கூட்டமாகத் தோன்றுவது அவுட்பிரேக். ஹெர்பா மிஸ்டிகா சாண்ட்விச்சில் போடும் அரிய பொருள், ஷைனி சார்ம் ஷைனி வாய்ப்பைக் கூட்டும் பொருள். ஷைனி என்றால் அதே போகிமான், நிறம் மட்டும் வேறு. 1999-ல் வந்த ‘கோல்டு’, ‘சில்வர்’ ஆட்டங்களில் ஏரியில் கிடந்த சிவப்பு கியாரடாஸ்தான் பலருக்கும் முதல் ஷைனி. சண்டையில் இதற்குக் கூடுதல் பலம் ஏதும் கிடையாது. அழகுக்காகத்தான் இத்தனை பாடும்.

இப்போது கணக்குக்கு வருவோம். ஒரு போகிமான் கண்முன் தோன்றும்போது ஆட்டம் உள்ளுக்குள் ஒரு குலுக்கல் போடுகிறது. வெல்லும் வாய்ப்பு 4,096-ல் ஒன்று. நாம் செய்யும் வேலையெல்லாம் குலுக்கல்களின் எண்ணிக்கையைக் கூட்டுவது மட்டும்தான். லெவல் 3 ஸ்பார்க்லிங் பவர் தரும் சாண்ட்விச் சாப்பிட்டால் மூன்று குலுக்கல் கூடும். அவுட்பிரேக்கில் 30 அடித்தால் ஒன்று, 60 அடித்தால் மொத்தம் இரண்டு. ஷைனி சார்ம் இருந்தால் இன்னும் இரண்டு. எல்லோருக்கும் உள்ள அந்த ஒரு குலுக்கலோடு எல்லாம் சேர்ந்தால் எட்டு, அதுதான் வீடியோவில் சொன்ன 512-க்கு ஒன்று.

உங்களிடம் சார்ம் இல்லை. நாற்பதோடு நிறுத்தியதால் அவுட்பிரேக்கிலும் ஒரு குலுக்கல்தான் கிடைத்திருக்கிறது. ஆகமொத்தம் ஐந்து, அதாவது சுமார் 819-க்கு ஒன்று. இந்த வாய்ப்போடு ஆயிரம் ரால்ட்ஸ் பார்த்தவர்கள் பத்துப் பேரைக் கூப்பிட்டு நிறுத்தினால், அதில் மூன்று பேர் வெறுங்கையோடுதான் இருப்பார்கள். அந்த மூவரில் ஒருவராக இருக்கிறீர்கள், அவ்வளவுதான். இதில் சாபமும் இல்லை, கெட்ட சேவ் ஃபைலும் இல்லை.

இன்னொன்றையும் மனதில் வையுங்கள். 819-க்கு ஒன்று என்றால் 819 பார்த்ததும் ஒன்று வந்தே தீரும் என்று பொருளில்லை. அத்தனை பார்த்த நூறு பேரில் ஏறத்தாழ 37 பேருக்கு ஒன்றும் கிடைத்திருக்காது. இதுவரை விழவில்லை என்பதற்காக அடுத்த உருட்டில் தாயம் விழ வேண்டும் என்று கட்டைக்கு எந்தக் கடமையும் கிடையாது. இத்தனை பார்த்தும் வரவில்லையென்றால் இத்தனையாவதில் தந்துவிடு என்ற ஏற்பாட்டை இந்த ஆட்டத்தில் வைக்கவில்லை. வைத்திருக்கலாம். எத்தனை பார்த்தோம், அவுட்பிரேக்கில் எத்தனை அடித்தோம் என்ற எண்ணிக்கையைக்கூடத் திரையில் காட்டுவதில்லை. ‘குறைந்திருக்கிறது போல’ என்று அவ்வப்போது ஒரு செய்தி வரும், அதை வைத்து யார் கணக்குப் போடுவது? காகிதத்தில் கோடு போட்டுத்தான் எண்ண வேண்டியிருக்கிறது.

இப்போது ஒரு சங்கடமான விஷயம். அந்த ஆயிரத்தில் ஒரு ஷைனி உங்கள் கண்ணெதிரே வந்து, நீங்கள் கவனிக்காமல் கடந்து போயிருக்கவும் கூடும். 2022 ஜனவரியில் வந்த ‘லெஜண்ட்ஸ்: ஆர்சியஸ்’ ஆட்டத்தில் ஷைனி வந்தால் ஒரு மணியோசை கேட்கும், உடம்பில் மினுமினுப்பும் தெரியும். அதே ஆண்டு நவம்பரில் ‘ஸ்கார்லெட்’, ‘வயலட்’ வந்தபோது வெளியுலகில் அந்த ஓசையும் இல்லை, மினுமினுப்பும் இல்லை. பத்து மாதத்துக்கு முன் தாங்களே செய்து காட்டிய நல்ல வசதியை ஏன் எடுத்தார்கள் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. பார்வை சற்றுக் குறைந்தவர்கள், நிறம் பிரித்தறிய முடியாதவர்கள் இந்த ஆட்டத்தில் ஷைனி தேடுவது எப்படி என்று ஒருவரும் யோசித்ததாகத் தெரியவில்லை.

ரால்ட்ஸில் என்ன பார்க்க வேண்டும்? சாதாரண ரால்ட்ஸுக்குத் தலைமுடி பச்சை, கொம்பு சிவப்பு. ஷைனிக்கு முடி நீலம், கொம்பு ஆரஞ்சு. உருவமோ சின்னது, புல்லுக்குள் முக்கால்வாசி மறைந்துவிடும். மாலை வெளிச்சத்தில் பச்சையும் நீலமும் ஒன்றுபோலத் தெரியும். அதனால் ஆட்டத்தில் பகலாக இருக்கும்போது தேடுங்கள். சந்தேகம் வந்தால் ஆர் பட்டனை அழுத்தி உங்கள் போகிமானை அதன் மேல் ஏவிவிடுங்கள். சாதாரணமானது என்றால் போய் அடித்துவிடும். ஷைனி என்றால் சண்டை போட மறுத்துத் திரும்பிவிடும். கண்ணை நம்புவதைவிட இதை நம்பலாம். ஷைனியைத் தெரியாமல் அடித்துக் கொன்றுவிடுவோமோ என்ற பயமும் வேண்டாம், இப்படி ஏவுவதில் அது நடக்காது.

இனி செய்ய வேண்டியது. முதலில் ஆப்ஷன்ஸில் ஆட்டோசேவை அணைத்துவிடுங்கள். ரால்ட்ஸ் அவுட்பிரேக்கைக் கண்டுபிடித்து, எண்ணி 60 அடியுங்கள். எண்ணிக்கையில் ஐயமிருந்தால் இன்னும் ஐந்தாறு சேர்த்து அடியுங்கள், நட்டமில்லை. 60-க்கு மேல் அடிப்பதால் வாய்ப்பு கூடாது. அங்கேயே நின்று சேவ் செய்யுங்கள். அதன்பிறகுதான் பிக்னிக் மேசையைப் போட்டு சாண்ட்விச் செய்ய வேண்டும். ரால்ட்ஸ் சைக்கிக், ஃபேரி என்ற இரண்டு வகைகளையும் சேர்ந்தது. சைக்கிக் வகைக்கான பலன் கிடைக்க உள்ளே வெங்காயம், மேலே இரண்டு ஹெர்பா மிஸ்டிகா. அடுக்கும்போது உள்ளே வைப்பது சரிந்து வெளியே விழுந்துவிட்டால் பலன் மாறிப்போகலாம், பொறுமையாக வையுங்கள். சாப்பிட்டதும் திரையில் ஸ்பார்க்லிங் பவர் சைக்கிக், லெவல் 3 என்று வருகிறதா என்று பாருங்கள். இந்த இரண்டும் அல்லாத வேறு வகை வந்திருந்தால் அந்த அரை மணி நேரமும் வீண்.

சாண்ட்விச் 30 நிமிடம்தான் தாங்கும். அந்த நேரத்தில் ஒவ்வொன்றாக அடித்துக்கொண்டிருக்காதீர்கள். சுற்றி நிற்பவற்றை ஒரு பார்வை பாருங்கள், ஷைனி இல்லையென்றால் பிக்னிக்கைப் போட்டு உடனே எடுங்கள். எல்லாம் மறைந்து புதிதாகத் தோன்றும். ஆனால் சரியாகப் பார்க்காமல் மேசையைப் போட்டால் அங்கே நின்ற ஷைனியும் போய்விடும். 30 நிமிடம் முடிந்தும் வரவில்லையா? சேவ் செய்யாமல் ஆட்டத்தை மூடித் திரும்பத் திறங்கள். செலவான ஹெர்பா மிஸ்டிகா உங்கள் பையில் இருக்கும், அடித்த அறுபதும் கணக்கில் இருக்கும். ஐந்து, ஆறு நட்சத்திர ரெய்டுகள் எனும் கூட்டுச் சண்டைகளில் மல்லுக்கட்டிக் கிடைக்கும் பொருள் அது, ஏன் வீணாக்க வேண்டும்? ஆட்டோசேவை அணைக்கச் சொன்னதும் இதற்காகத்தான். நள்ளிரவில் தேதி மாறினால் அவுட்பிரேக் கலைந்துவிடும் என்பதால் ராத்திரி பதினொன்றரைக்கு இந்த வேலையைத் தொடங்காதீர்கள்.

அப்புறம் ஷைனி சார்ம். ஆட்டம் நடக்கும் பால்டியா பகுதியின் போகிமான் பதிவேடான போகிடெக்ஸில் உள்ள 400-ஐயும் பிடித்துப் பதிவு செய்தால், அகாடமியில் உயிரியல் ஆசிரியர் ஜாக் தருவார். பெரிய வேலைதான், ஆனால் இன்னும் பல ஷைனி தேடும் எண்ணம் இருந்தால் அதை முடித்துவிட்டு வாருங்கள். ஒரே ஒரு ரால்ட்ஸ் போதும் என்றால் இப்போதைக்கு விடுங்கள். அறுபது அடித்தாலே 683-க்கு ஒன்று என்ற நிலைக்கு வந்துவிடுவீர்கள்.

இப்போது அந்த 400 ரூபாய்க்காரரிடம் வருகிறேன். இவர்களைப் பற்றி எழுதாத மாதமே எனக்கு இல்லை, இருந்தும் கேள்விகள் ஓய்வதில்லை. இப்படி விற்கப்படுபவற்றில் பெரும்பாலானவை யாரும் தேடிப் பிடித்தவை அல்ல. கணினியில் ஒரு மென்பொருளில் பெயர், நிறம், திறன் எல்லாவற்றையும் நிரப்பி நொடியில் உருவாக்கியவை. செலவில்லாமல் செய்ததை உங்களிடம் காசுக்குத் தள்ளுகிறார்கள். வாங்கினாலும் அதன் விவரப் பக்கத்தில் முதல் உரிமையாளர் என்று அந்த ஆளின் பெயர்தான் கடைசிவரை இருக்கும். பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஏதோ இணையதள முகவரி இருந்தால் சந்தேகமே வேண்டாம், அது செய்த சரக்கு. யூபிஐ-யில் முன்பணம் வாங்கிக்கொண்டு டிரேடுக்கு, அதாவது போகிமானைப் பரிமாற, வராமலே உங்களை பிளாக் செய்துவிடுபவர்களும் உண்டு. அவர்கள்மேல் யாரிடம் போய்ப் புகார் கொடுப்பீர்கள்?

இது சின்ன விஷயம் என்று நினைக்காதீர்கள். 2023 ஆகஸ்டில் யோகோஹாமாவில் நடந்த உலகப் போட்டியில், மாற்றியமைக்கப்பட்ட போகிமான்களோடு வந்த ஆட்டக்காரர்கள் தகுதிநீக்கம் செய்யப்பட்டார்கள். தாங்கள் செய்யவில்லை, பிறரிடமிருந்து டிரேடில் வந்தது என்று சிலர் சொல்லியும் பயனில்லை. 2024-ல் ஜப்பானின் கோச்சி மாகாணப் போலீஸ், இப்படித் தரவை மாற்றிய போகிமான்களை விற்றதாக ஒருவரைக் கைதே செய்தது.

இந்த வியாபாரிகளில் சிலர் இன்னும் ஒரு படி மேலே போய், உங்கள் கணக்கின் கடவுச்சொல்லைக் கொடுங்கள், நானே உள்ளே போய்ப் பிடித்துத் தருகிறேன் என்பார்கள். கொடுத்துவிட்டால் ரால்ட்ஸ் மட்டுமல்ல, நீங்கள் வாங்கிய எல்லா ஆட்டமும் அந்த ஆள் கையில். ஷைனி கொரைடான், ஷைனி ஓகர்பான் ‘நானே காட்டில் பிடித்தேன்’ என்று யாராவது விற்றால் அது பச்சைப் பொய். கதையில் வரும் அந்தப் போகிமான்களை ஆட்டத்துக்குள் ஷைனியாகப் பிடிக்க வழியே வைக்கவில்லை. வாய்ப்புக் கணக்கை ஆட்டத்துக்குள் தெளிவாகச் சொல்லியிருந்தால் இந்த வியாபாரிகளில் பாதிப் பேருக்கு வேலை இருக்காது. மறைத்துவைக்க வைக்க, தெரிந்தவன் போலப் பேசுகிறவன் கல்லா கட்டுகிறான்.

அப்படியென்றால் முன்பின் தெரியாதவரிடமிருந்து எதையுமே வாங்கக் கூடாதா? ஒரே ஒரு விதிவிலக்கு உண்டு: வேற்றுமொழி டிட்டோ. டிட்டோ என்பது ஏறக்குறைய எந்தப் போகிமானோடும் ஜோடி சேர்ந்து முட்டை தரும் போகிமான். இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள், உங்களுக்கு அவுட்பிரேக்கைவிட இதுவே தோதாக இருக்கலாம்.

முட்டையிட வைக்கும் இரண்டு போகிமான்களும் வெவ்வேறு மொழி ஆட்டங்களில் பிடிபட்டவையாக இருந்தால், முட்டைக்குக் கூடுதல் குலுக்கல் கிடைக்கும். போகிமான் ஆட்டங்களை உருவாக்கும் ‘கேம் ஃப்ரீக்’ நிறுவனத்தில் முன்பு இருந்த ஜுனிச்சி மசூதா பெயரால் இதை மசூதா முறை என்கிறார்கள். சார்ம் இல்லாமலே 683-க்கு ஒன்று. அறுபது அடித்து, சாண்ட்விச் சாப்பிட்டு நீங்கள் எட்டும் அதே வாய்ப்பு. ஆனால் இதற்கு ஹெர்பா மிஸ்டிகாவும் வேண்டாம், நள்ளிரவுப் பயமும் வேண்டாம். முட்டை பொரியும்போது திரையிலேயே தெரிந்துவிடும் என்பதால் கண் தவறவும் வழியில்லை. ஸ்பார்க்லிங் பவர் முட்டைகளுக்கு உதவாது, அதைச் சேர்த்துச் சாப்பிட்டு வீணாக்காதீர்கள்.

இங்கேதான் பலர் தடுக்கி விழுகிறார்கள். மொழி வேறுபட வேண்டியது உங்களுக்கும் டிட்டோவுக்கும் இடையில் அல்ல, டிட்டோவுக்கும் ரால்ட்ஸுக்கும் இடையில். நீங்கள் ஆங்கிலத்தில் ஆடி, ரால்ட்ஸையும் நீங்களே பிடித்திருந்தால் ஜப்பானிய டிட்டோ போதும். ரால்ட்ஸும் ஜப்பானியரிடமிருந்து டிரேடில் வந்தது என்றால் கூடுதல் குலுக்கல் கிடையாது. இரண்டும் ஆங்கிலம் என்றாலும் கிடையாது. உங்கள் ஆட்டத்தின் மொழியை இப்போது மாற்றுவதால் ஏற்கெனவே பிடித்தவற்றின் மொழி மாறாது. டிட்டோவின் பெயர் ஜப்பானிய எழுத்திலேயே இருந்தால் சரியானது என்று புரிந்துகொள்ளலாம். அப்படி ஒன்றை, முன்பின் தெரியாதவரோடு பரிமாறும் சர்ப்ரைஸ் டிரேடிலோ, நண்பரின் நண்பரிடமோ சும்மா வாங்குங்கள். இதற்குக் காசு கேட்பவரை அந்தக் கணமே விட்டுவிடுங்கள். வருவது சாதாரண டிட்டோவாக இருந்தாலே போதும். எல்லாத் திறனும் உச்சத்தில் உள்ள ஷைனி டிட்டோவை அள்ளிக் கொடுப்பவர்களிடம் பெரும்பாலும் செய்த சரக்குதான் இருக்கும். அதிலிருந்து நீங்கள் பொரித்த ரால்ட்ஸ் உங்களுடையதுதான் என்றாலும், போலியைப் பெட்டியில் வைத்திருக்க எனக்கு மனம் ஒப்பாது. உங்களுக்கும் வேண்டாம் என்பேன்.

அவுட்பிரேக்கிலேயே தொடர்வதானால், ஷைனி கண்ணில் பட்டதும் பதறாதீர்கள். சண்டை தொடங்கிய முதல் முறையிலேயே குவிக் பால் எறியுங்கள், அந்தப் பந்துக்கு முதல் முறையில்தான் பலம். ரால்ட்ஸ் பிடிபட எளிதானது. ஆனால் டெலிபோர்ட் கற்ற ரால்ட்ஸாக இருந்தால் சண்டையை விட்டே மறைந்துவிடும். முதலில் உயிரைக் குறைத்துவிட்டுப் பிடிக்கலாம் என்று நேரம் கடத்த வேண்டாம். பிடித்ததும் நீங்களே கையால் சேவ் செய்ய மறக்காதீர்கள், ஆட்டோசேவ் அணைந்திருக்கிறது.