நூற்றில் ஒரு பங்கு

அன்புள்ள ஆசிரியருக்கு,

சுரங்கங்களை எதிர்ப்பவர்கள் கையிலும் செல்பேசி இருக்கிறது. வளரும் நாடுகள் தம் மண்ணிலுள்ள செம்பைத் தோண்டாமல் பள்ளியும் மருத்துவமனையும் எப்படிக் கட்டும்? வளர்ச்சிக்கு ஒரு விலை உண்டல்லவா?

ம.

அன்புள்ள ம.,

உப்பு தின்பவன் உப்பளத் தொழிலாளியின் காலைப் பற்றிப் பேசக் கூடாது என்பதற்கு ஒப்பானது செல்பேசி வாதம். அதை விட்டுவிடுவோம். என்னைத் தைத்தது ‘விலை’ என்ற சொல். சில நாட்களாக நானும் அதையே யோசித்துக்கொண்டிருந்தேன்.

நிலவியல் படித்த நண்பர் ஒருவர் தந்த செம்புத் தாதுக்கல் என் மேசையில் காகிதங்களுக்குப் பாரமாக இருக்கிறது. ஒரு கிலோ எடை. இதில் செம்பு எவ்வளவு தேறும் என்று கேட்டதற்கு, ‘10 கிராம் இருந்தாலே நல்ல தாது’ என்றார். மிச்சத்தை அரைத்துச் சேறாக்கி எங்காவது விட்டாக வேண்டும். சுரங்கம் என்றதும் நீங்கள் குழியை நினைக்கிறீர்கள். நான் அந்த ‘எங்காவது’ என்பதை நினைக்கிறேன்.

பப்புவா நியூ கினியின் ஓக் டெடி செம்புச் சுரங்கத்தின் கழிவுச் சேற்றைத் தேக்கிவைக்கக் கட்டப்பட்டுவந்த கழிவணை 1984இல் நிலச்சரிவில் அழிந்தது. அணையின்றியே சுரங்கம் இயங்க அரசு அனுமதித்தது. ஆண்டுக்குச் சுமார் 8 கோடி டன் கசடும் கழிவுப்பாறையும் ஆற்றில் இறங்க, படுகை மேடேறி, வெள்ளம் கரையோரக் காட்டில் தேங்கி மரங்களைச் சாகடித்தது. மக்கள் உண்டு வாழ்ந்த சேகோ பனைகளும் தோட்டங்களும் சேற்றில் புதைந்தன. 1999இல் சுரங்கத்தை நடத்திவந்த பிஎச்பி நிறுவனமே பெருஞ்சேதத்தை ஒப்புக்கொண்டது; 2002இல் தன் பங்கை ஒரு வளர்ச்சி நிதியத்துக்கு மாற்றிவிட்டு, வழக்குகளிலிருந்து சட்டப் பாதுகாப்புடன் வெளியேறியது. சுரங்கம் தொடர ஆற்றோரக் கிராமங்களும் ஒப்பந்தம் செய்துகொண்டனவே என்பீர்கள். தோட்டத்தை இழந்தவருக்குச் சுரங்கப் பணத்தைத் தவிர வேறு என்ன மிஞ்சியிருந்தது? அதையா சம்மதம் என்று எழுதிக்கொள்வது?

அணை இருந்தால் மட்டும் போதுமா? பிரேசிலின் புருமாஜின்யோவில் 2019 ஜனவரி 25 அன்று இரும்புத்தாதுச் சுரங்கத்தின் கழிவணை உடைந்து 270 பேர் மாண்டார்கள். தொழிலாளர்கள் மதிய உணவு உண்ணும் உணவகத்தை அந்த அணைக்குக் கீழேதான் கட்டியிருந்தார்கள்.

விலை என்றால் வாங்குபவர் தர வேண்டும். தொகையும் முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். பிறர் தலையில் பிற்பாடு விழுவதை விலை என்று சொல்ல உங்களுக்குக் கூசவில்லையா? கோபித்துக்கொள்ளாதீர்கள், உங்கள் வயதில் நானும் அப்படித்தான் பேசினேன்.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். செம்பே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. கழிவைக் காப்பதற்கும், சுரங்கம் மூடிய பின் பல்லாண்டு பராமரிப்பதற்கும் ஆகும் முழுச் செலவையும் முதல் வெடி வைக்குமுன் வைப்புத்தொகையாகக் கட்டச் சொல்லுங்கள். அதன் பிறகும் லாபம் காட்டும் சுரங்கங்கள் எவை என்று கணக்கிட்டு எனக்கு எழுதுங்கள்.