அமெரிக்காவில் கறுப்பர்கள் ஏன் தாங்களாகவே தனிச் சபை வைத்துக்கொண்டார்கள்?

கேட்டவர் கூடவே ஒரு வரி சேர்த்திருக்கிறார்: "ஒரே கர்த்தர், ஒரே வேதம், அப்புறம் எதற்குத் தனிக் கோயில்? இதுவும் பிரிவினைதானே?" நீங்கள் இங்கே புதிதாக வந்து, ஞாயிற்றுக்கிழமை எந்தச் சபைக்குப் போவது என்று தேடிக்கொண்டிருப்பவர் என்று நினைக்கிறேன். எனக்கும் வந்த புதிதில் இதே கேள்விதான் வந்தது. நான் எழுதிக் கேட்கவில்லை. அறுபது வயது தாண்டிய ஒரு கறுப்பின அம்மாவின் முகத்துக்கு நேராகவே கேட்டேன். இன்றைக்கு நினைத்தாலும் மனசு கஷ்டப்படுகிறது. அதனால்தான் இதை நீளமாக எழுதுகிறேன்.

நான் பிலடெல்பியாவில் நர்ஸ். சொந்த ஊர் திருநெல்வேலிப் பக்கம் ஒரு கிராமம். மூன்று தலைமுறையாகக் கிறிஸ்தவர்கள், தலித் குடும்பம். அந்த அம்மா எங்கள் வார்டில் உதவியாளர். நோயாளிகளைக் குளிப்பாட்டுவது, திருப்பிப் படுக்க வைப்பது எல்லாம் அவர்தான். ஓர் இரவு ஷிப்டில், மணி மூன்று இருக்கும், நான் கொண்டுபோன எலுமிச்சைச் சோற்றை ஓய்வறையில் இருவரும் பங்கு போட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். அவர் தன் சபையைப் பற்றி ஏதோ சொல்ல, நான் சட்டென்று கேட்டுவிட்டேன்: "நீங்கள் மட்டும் ஏன் தனியாக வைத்திருக்கிறீர்கள்? எல்லாரும் சேர்ந்து கும்பிட்டால் என்ன?"

அவர் கோபப்படவில்லை. டப்பாவை மூடி, மேஜையைத் துடைத்துவிட்டு, "ஞாயிற்றுக்கிழமை உனக்கு லீவுதானே? பத்து மணிக்கு வந்து கூட்டிப்போகிறேன். நல்ல உடுப்பாகப் போட்டுக்கொள்" என்று மட்டும் சொன்னார்.

ஊதா நிறத் தொப்பி போட்டுக்கொண்டு வந்தார். கோயில் வாசலில் அவரை நாலு பேர் பிடித்துக்கொண்டு பேச ஆரம்பித்துவிட்டார்கள். நான் உள்ளே போய்க் கடைசி பெஞ்சில் சுவரோரமாக உட்கார்ந்தேன். அதை யோசித்துச் செய்யவில்லை, கால் தானாகப் போனது. வெள்ளைக் கையுறை போட்ட ஒரு பெண் வந்து குனிந்து, "ஏன் இங்கே உட்கார்ந்தாய்? உடம்பு சரியில்லையா?" என்று கேட்டார். இல்லை என்றேன். என் முழங்கையைப் பிடித்து நடுப்பாதை வழியாகவே கூட்டிப்போய், முன்னால் மூன்றாவது பெஞ்சில் உட்கார வைத்தார். எத்தனையோ ஊரில் எத்தனையோ கோயிலுக்குப் போயிருக்கிறேன், மூன்றாவது பெஞ்சில் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை.

எங்கள் ஆச்சி காலத்தில் எங்கள் தெருக்காரர்களுக்குப் பெஞ்சே கிடையாது. பின்பக்கம் ஓலைப்பாய். என் காலத்தில் எல்லாருக்கும் பெஞ்சு வந்துவிட்டது. யாரும் எங்களைப் பின்னால் போ என்று சொன்னதில்லை, ஆனாலும் நாங்கள் பின்னால்தான் இருந்தோம். ராப்போஜனத்துக்கு எங்கள் வரிசை எழுந்திருப்பதும் கடைசியில்தான்.

அன்றைக்கு மாதத்தின் முதல் ஞாயிறு, ராப்போஜனம் இருந்தது. வரிசை வரிசையாகப் போய் முன்னால் கம்பியருகே முழங்கால் போட்டோம். எனக்கு அடுத்து ஒரு பெரியவர். நகக்கண்ணில் கிரீஸ் கறுப்பு, மெக்கானிக்காக இருக்க வேண்டும். அப்பமும் ரசமும் வாங்கின பிறகும் அவர் எழுந்திருக்கவில்லை. கண்ணை மூடி உதடு மட்டும் அசைந்துகொண்டிருந்தது. நாங்கள் எழுந்தோம், அடுத்த வரிசை வந்து நின்றது, அவர் அப்படியே இருந்தார். பாஸ்டர் பொறுத்து நின்றார். வெள்ளைக் கையுறை அம்மாவும் பொறுத்து நின்றார். அவர் தோளை ஒருத்தரும் தொடவில்லை. அவராக முடித்து, கம்பியைப் பிடித்து எழுந்த பிறகுதான் அடுத்த வரிசை முழங்கால் போட்டது.

திரும்பும்போது காரில் அந்த அம்மா கேட்டார்: "அந்தப் பெரியவரைப் பார்த்தாயா? நீ கேட்ட கேள்விக்குப் பதில் அதுதான், கண்ணு." அப்புறம்தான் கதையைச் சொன்னார். அதற்குப் பிறகு நானும் தேடிப் படித்தேன்.

இதே பிலடெல்பியாவில் செயின்ட் ஜார்ஜ் என்ற மெதடிஸ்ட் கோயில் இருக்கிறது. 1780களில் அங்கே வெள்ளையரும் கறுப்பரும் சேர்ந்துதான் ஆராதனைக்குப் போனார்கள். ரிச்சர்ட் ஆலன் என்பவர் அடிமையாகப் பிறந்து, உழைத்துக் காசு கொடுத்துத் தன்னை மீட்டுக்கொண்டவர். அந்தக் கோயிலில் அவருக்குக் கொடுத்த நேரம் காலை ஐந்து மணி. அந்த நேரத்திலும் அவர் பிரசங்கத்தைக் கேட்கக் கறுப்பர்கள் கூட்டமாக வந்தார்கள். கூட்டம் சேரச் சேர அவர்களை முதலில் சுவரோரம் நகர்த்தினார்கள். அப்புறம் மாடி கட்டி, மாடிக்குப் போகச் சொன்னார்கள். அந்தக் கட்டட வேலைக்குக் கறுப்பர்களும் பணம் கொடுத்து, உடல் உழைப்பும் கொடுத்திருந்தார்கள் என்று ஆலனே எழுதி வைத்திருக்கிறார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, 1787 என்று சபையார் சொல்வார்கள், ஆவணம் பார்த்த சிலர் 1792 என்பார்கள், ஜெபம் நடந்துகொண்டிருந்தது. ஆலனோடு வந்த அப்சலம் ஜோன்ஸ் முழங்காலில் இருந்தார். கோயில் தர்மகர்த்தா ஒருவர் வந்து அவரைப் பிடித்துத் தூக்கினார்: இங்கே முழங்கால் போடக்கூடாது, எழுந்திரு. ஜெபம் முடியட்டும் ஐயா என்றார் ஜோன்ஸ். முடியாது, இப்போதே எழுந்திரு. ஜெபம் முடிந்ததும் எழுந்துகொள்கிறேன், அப்புறம் உங்களுக்குத் தொந்தரவு தரமாட்டேன் என்றார். அந்த ஆள் இன்னொருத்தரையும் உதவிக்குக் கூப்பிட்டார். ஜெபம் முடிந்தது. கறுப்பர்கள் எல்லாரும் ஒன்றாக எழுந்து வெளியே போனார்கள்.

நீங்கள் கேட்கும் "தனிச் சபை" இப்படித்தான் தொடங்கியது. ஆலன் ஒரு பழைய கொல்லன் பட்டறையை ஆறாவது தெருவில் தான் வாங்கியிருந்த மனைக்கு இழுத்து வந்து கோயிலாக்கினார். பெத்தேல் என்று பெயர், 1794இல் பிரதிஷ்டை. விட்டார்களா என்றால், அதுவும் இல்லை. பெத்தேலுக்கு யார் பிரசங்கம் பண்ணுவது, சொத்து யாருடையது என்று செயின்ட் ஜார்ஜ்காரர்கள் இருபது வருஷத்துக்கு மேல் பிடித்து இழுத்தார்கள். 1815இல் அந்தக் கோயில் ஏலத்துக்கே வந்து, ஆலன் தன் கோயிலைத் தானே 10,125 டாலருக்கு ஏலத்தில் எடுக்க வேண்டியிருந்தது. 1816இல் பென்சில்வேனியா உச்ச நீதிமன்றம் பெத்தேல்காரர்கள் பக்கம் தீர்ப்புச் சொன்ன பிறகுதான் ஆப்பிரிக்க மெதடிஸ்ட் எபிஸ்கோபல் சபை தனிச் சபையாக நின்றது. அந்த மனை இன்றும் அவர்களிடமே இருக்கிறது. அந்த அம்மா இன்னொரு நாள் என்னை அங்கே கூட்டிப்போனார். இப்போது நிற்பது நாலாவது கட்டடம், பெரிய கல் கோயில். கீழ்த்தளத்தில் ஆலனும் அவர் மனைவி சாராவும் அடக்கமாகியிருக்கிறார்கள்.

இடையில் நடந்த ஒன்றைச் சொல்லாமல் போக முடியாது, நான் நர்ஸ் என்பதால். 1793இல் இந்த ஊரில் மஞ்சள் காய்ச்சல் வந்து சுமார் 5,000 பேர் செத்தார்கள். வசதி உள்ளவர்கள் ஊரைவிட்டே ஓடினார்கள். கறுப்பர்களுக்கு இந்த நோய் வராது என்று நம்பி, பெஞ்சமின் ரஷ் என்ற பெரிய டாக்டர் ஆலனிடமும் ஜோன்ஸிடமும் உதவி கேட்டார். அவர்கள் ஆட்களைத் திரட்டி நோயாளிகளைப் பார்த்துக்கொண்டார்கள், பிணங்களைப் புதைத்தார்கள். நோய் அவர்களையும் விடவில்லை. ஆலனே படுத்து எழுந்தார். எல்லாம் முடிந்ததும் மேத்யூ கேரி என்ற பதிப்பாளர், கறுப்பின நர்ஸ்கள் அநியாயக் கூலி கேட்டார்கள், திருடினார்கள் என்று அச்சிட்டார். ஆலனும் ஜோன்ஸும் 1794இல் வரவு செலவுக் கணக்கோடு பதில் புத்தகம் போட வேண்டியதாயிற்று.

இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. கொரோனா சமயத்தில் என் சித்தி மகள் சென்னையில் ஆஸ்பத்திரி வேலை. டிவியில் கைதட்டினார்கள், தட்டு அடித்தார்கள். அதே வாரம் வீட்டுக்காரர் அவளைக் காலி பண்ணச் சொன்னார், லிஃப்டில் ஏறாதே என்றார்கள். இரண்டு பெட்டியோடு ஹாஸ்டலுக்குப் போனாள். அதற்காக இன்றுவரை யாரும் ஒரு வார்த்தை வருத்தம் சொல்லவில்லை. இது கேள்விக்குச் சம்பந்தமில்லாததுதான், தெரியும். ஆனாலும் நர்ஸ்களைப் பற்றிப் பேச்சு வந்தால் என்னால் சும்மா இருக்க முடிவதில்லை.

சரி, கேள்விக்கு வருகிறேன். "அது 200 வருஷத்துக் கதை, இப்போது என்ன?" என்று யாராவது கேட்பீர்கள். அடிமை வைத்திருப்பவர் மிஷனரி ஆகலாமா என்ற தகராறில்தான் 1845இல் தெற்கத்திய பாப்டிஸ்ட் சபை பிரிந்தது. அவர்கள் அதற்கு மன்னிப்புக் கேட்டது 1995இல். பிரிந்து கிடந்த மெதடிஸ்டுகள் 1939இல் ஒன்று சேர்ந்தபோதும், தங்களுக்குள் இருந்த கறுப்பினச் சபைகளில் பெரும்பாலானவற்றை ஒரே தனிப் பிரிவாக ஒதுக்கினார்கள். ஊர் வாரியாக இல்லை, நிறத்தை வைத்து. அது 1968 வரை இருந்தது. 1964 ஈஸ்டர் அன்று மிசிசிப்பியின் ஜாக்சன் நகரில் இரண்டு மெதடிஸ்ட் பிஷப்புகள், ஒருவர் கறுப்பர் சார்லஸ் கோல்டன், ஒருவர் வெள்ளையர் ஜேம்ஸ் மேத்யூஸ், தங்கள் சபையின் கோயில் வாசலிலேயே திருப்பி அனுப்பப்பட்டார்கள். மேத்யூஸ் இந்தியாவில் மிஷனரியாக இருந்தவர். அதற்கு முந்தைய வருஷம் செப்டம்பரில் பர்மிங்ஹாமில் கறுப்பர் கோயிலில் குண்டு வைத்து, ஓய்வுநாள் பள்ளிக்கு வந்த நாலு பெண் பிள்ளைகளைக் கொன்றார்கள். என்னைக் கோயிலுக்குக் கூட்டிப்போன அந்த அம்மா அப்போது கைக்குழந்தை. அவ்வளவு பக்கத்துக் கதை.

எல்லா வெள்ளைக்காரர்களும் மோசம் என்று நான் சொன்னதாக எடுத்துக்கொள்ளாதீர்கள். ஜெர்மன்டவுனில் குவேக்கர் சபையைச் சேர்ந்த சிலர் 1688லேயே அடிமைமுறை தப்பு என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள். ஆனால் அதே குவேக்கர்களின் பிலடெல்பியா கூடத்தில் கறுப்பர்களுக்கு என்று ஒரு பெஞ்சு தனியாக இருந்தது. சாரா மேப்ஸ் டக்ளஸ் என்ற ஆசிரியை, சின்ன வயதில் தன் அம்மாவோடு அதில் உட்கார்ந்த வேதனையை 1830களில் கடிதத்தில் எழுதியிருக்கிறார். அடிமைமுறை வேண்டாம் என்றவர்களுக்கும் பக்கத்தில் உட்கார மனசு வரவில்லை.

இன்னொன்று. இதைப் படித்துவிட்டு "பார், கிறிஸ்தவத்திலும் இப்படித்தான்" என்று எங்களைக் குத்த வருபவர்களுக்கு நான் எழுதவில்லை. "வீட்டு விஷயத்தை வெளியே பேசாதே" என்று சொல்லப்போகும் நம் சபைக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை: எங்கள் மாவட்டத்து வடக்கன்குளம் கோயிலில் இரண்டு சாதியும் ஒன்றையொன்று பார்க்காமல் பூசை காண நடுவில் தடுப்பு இருந்தது. கௌசானல் சாமியார் 1910இல் அதை இடித்தபோது கோர்ட்டுக்கே போனார்கள். ஊருக்கே தெரிந்ததை நான் மறைத்து என்ன ஆகப்போகிறது? நான் சபையை விட்டுப் போகவில்லை. ஜெபிக்கிறேன், தசமபாகம் கொடுக்கிறேன்.

அன்றைக்கு காரில் கதையைக் கேட்ட பிறகு, ஆச்சியின் ஓலைப்பாயைப் பற்றி அந்த அம்மாவிடம் சொன்னேன். வண்டியை ஓரம் கட்டிவிட்டார். மார்ட்டின் லூதர் கிங் 1959இல் திருவனந்தபுரத்தில் ஒரு தலித் பள்ளிக்கூடத்துக்குப் போனது தெரியுமா என்று கேட்டார். எனக்குத் தெரியாது. தலைமையாசிரியர் பிள்ளைகளிடம், இவரும் அமெரிக்காவிலிருந்து வந்திருக்கும் ஒரு தீண்டத்தகாதவர் என்று அறிமுகம் செய்தாராம். கிங்குக்கு முதலில் சுருக்கென்று இருந்ததாம். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, ஆமாம், நானும் அப்படித்தான் என்று ஒத்துக்கொண்டாராம். 1965 ஜூலையில் தன் கோயில் பிரசங்கத்திலேயே அவர் இதைச் சொல்லியிருக்கிறார். "நீ கேட்டபோது எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. நீயும் கடைசி பெஞ்சிலிருந்து வந்தவள் என்று எனக்குத் தெரியாது" என்றார் அந்த அம்மா. நான் மன்னிப்புக் கேட்டேன்.

அவர்கள் கோயிலில் இன்றைக்கும் யார் போனாலும் முன்னால் உட்கார வைக்கிறார்கள். நீங்களும் ஒரு ஞாயிறு போய்ப் பாருங்கள், தொப்பி இல்லாவிட்டாலும் பரவாயில்லை. அதற்கு முன்னால், இந்தத் தளத்தில் கேள்வியைத் திருத்தும் வசதி இருக்கிறது. தலைப்பில் "தாங்களாகவே" என்று போட்டிருக்கிறீர்களே, அந்த ஒரு சொல்லை மட்டும் எடுத்துவிடுங்கள்.