வீட்டுக்கடன்: வட்டியைக் கேட்கிறீர்கள், ஆண்டைக் கேட்டீர்களா?

கடலூர், புதுச்சேரி வாசகர்களின் கடிதங்களில் இந்த முறை வீட்டுக்கடன் பற்றியவையே அதிகம். பெரும்பாலோர் வட்டி எத்தனை சதவீதம் என்பதிலேயே குறியாக இருக்கிறார்கள். கால் சதவீதம் குறைகிறது என்றால் நான்கு வங்கி ஏறி இறங்கத் தயார். எத்தனை ஆண்டுக் கடன் என்பதை மட்டும் கையெழுத்துப் போடுகிற நேரத்தில் போகிற போக்கில் முடிவு செய்கிறார்கள். கீழே உள்ள கணக்குகளில் வட்டி விகிதம் கடைசிவரை மாறாது என்று வைத்துக்கொண்டிருக்கிறேன், தொகைகள் தோராயமானவை.

கேள்வி: கடலூர் செம்மண்டலத்தில் 38 லட்சத்துக்கு ஒரு தனி வீடு பார்த்திருக்கிறோம். 30 லட்சம் கடன், வட்டி 8.5 சதவீதம். 20 ஆண்டு என்றால் மாதத் தவணை 26,035 ரூபாய், 30 ஆண்டு என்றால் 23,067 ரூபாய். "மாதம் 3,000 ரூபாய் கையில் நிற்குமே, 30 ஆண்டே போட்டுக்கொள்ளுங்கள்" என்கிறார் வங்கி அலுவலர். என் கணவருக்கும் அதுவே சரியாகப் படுகிறது. எனக்குத்தான் மனது ஒப்பவில்லை.

பதில்: உங்கள் மனது சொல்வதுதான் சரி, அம்மா. 20 ஆண்டில் நீங்கள் கட்டி முடிக்கும் மொத்தத் தொகை ஏறக்குறைய 62.5 லட்சம். அதில் வட்டி மட்டும் 32.5 லட்சம். 30 ஆண்டு என்றால் மொத்தம் 83 லட்சம், வட்டி 53 லட்சம். மாதம் 3,000 ரூபாய் மிச்சம் பிடிப்பதற்காக 20 லட்சத்துக்கு மேல் கூடுதல் வட்டி கட்டுகிறீர்கள்.

இது எப்படி என்று முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பார்த்தால் புரியும். 30 லட்சத்துக்கு 8.5 சதவீதத்தில் ஒரு மாத வட்டி 21,250 ரூபாய். கடன் 20 ஆண்டாக இருந்தாலும் 30 ஆண்டாக இருந்தாலும் முதல் மாத வட்டி இதுதான். 23,067 கட்டினால் வட்டி போக அசலில் கழிவது 1,817 ரூபாய். 26,035 கட்டினால் அசலில் கழிவது 4,785 ரூபாய். நீங்கள் கூடுதலாகக் கட்டும் அந்த 3,000 ரூபாயில் ஒரு காசுகூட வட்டிக்குப் போவதில்லை. முழுக்க முழுக்க அசலைத்தான் அடிக்கிறது. தவணையைக் குறைக்கும்போது வெட்டுப்படுவதும் அசலுக்குப் போகிற பங்குதான்.

20 ஆண்டுக் கடனிலும் முதல் சில ஆண்டுகள் மனதைச் சோர்வாக்கும். ஐந்து ஆண்டு முடியும்போது 15.6 லட்சம் கட்டியிருப்பீர்கள்; மீதி அசல் 26.4 லட்சம் என்று அறிக்கை காட்டும். பத்தாவது ஆண்டின் முடிவிலும் 21 லட்சம் நிற்கும். பாதிக் காலம் போயும் பாதிக் கடன் தீர்ந்திருக்காது. வங்கி ஏமாற்றுகிறது என்று பலர் சண்டைக்குப் போவது இந்தக் கட்டத்தில்தான். ஏமாற்று ஏதும் இல்லை. குறையும் அசலுக்கு வட்டி போடும் கணக்கே அப்படித்தான் நடக்கும்.

கணவர் பக்கமும் ஒரு நியாயம் உண்டு. இருபதாவது ஆண்டில் நீங்கள் கட்டும் 26,035 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது, சம்பளமும் ஏறியிருக்கும். ஆகவே 62 லட்சம் என்ற எண்ணைப் பார்த்து வீடே வேண்டாம் என்று பின்வாங்க வேண்டியதில்லை. வருமானம் ஏற்ற இறக்கமாக இருந்தால் 30 ஆண்டுக்கு எழுதிவிட்டு, முடிகிற மாதமெல்லாம் 3,000 கூடுதலாகக் கட்டிவந்தாலும் அதே பலன் கிடைக்கும். ஆனால் பள்ளிக் கட்டணம், கல்யாணம், காதுகுத்து என்று எது வந்தாலும் முதலில் நிற்பது அந்தக் கூடுதல் 3,000தான். மாதச் சம்பளம் ஒழுங்காக வருகிற வீடு என்றால் 20 ஆண்டுக்கே எழுதுங்கள்.

இன்னொன்று, நீங்கள் கேட்காதது. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 38 லட்சத்துக்கு அது மட்டும் 3.42 லட்சம். பொதுவாக இந்தச் செலவை வங்கி வீட்டு மதிப்பில் சேர்த்துக் கடன் தராது. ஆக 8 லட்சம் கைப்பணத்தோடு இதையும் புரட்ட வேண்டும். பல குடும்பங்களில் இந்த இடத்தில்தான் நகை அடகுக்குப் போகிறது, அல்லது சீட்டைத் தள்ளி எடுக்கிறார்கள். அந்த வட்டியும் தள்ளுபடியும் வீட்டின் விலைதான். கணக்கு நோட்டில் அதே பக்கத்தில் எழுதுங்கள்.

கேள்வி: 2021-இல் 25 லட்சம் வாங்கினேன். 7 சதவீத வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை 19,382 ரூபாய். இதுவரை அது ஒரு ரூபாய்கூட ஏறவில்லை என்பதால் நிம்மதியாக இருந்தேன். போன மாதம் நெல்லிக்குப்பத்தில் உள்ள கிளையில் அறிக்கை கேட்டு வாங்கினேன். கடன் முடியும் ஆண்டு 2041-க்குப் பதில் 2050-ஐத் தாண்டி நிற்கிறது. யாரும் என்னிடம் சொல்லவில்லை. இது முறையா?

பதில்: நீங்கள் வாங்கியது மாறும் வட்டிக் கடன். ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டியான ரெப்போ விகிதம் 2020 மே முதல் 2022 மே வரை 4 சதவீதமாக இருந்தது. பிறகு படிப்படியாக ஏறி 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம் ஆனது. பெரும்பாலான வங்கிகளின் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போவோடு பிணைக்கப்பட்டவை. ரெப்போ ஏறினால் வட்டியும் ஏறும். வட்டி ஏறும்போது தவணையை உயர்த்துவதற்குப் பதில் காலத்தை நீட்டிவிடுவது வங்கிகளின் வழக்கம். வாடிக்கையாளர் முகம் சுளிக்கமாட்டார் அல்லவா?

உங்கள் கணக்கையே போட்டுப் பார்க்கலாம். இரண்டு ஆண்டு கட்டிய பிறகு மீதி அசல் ஏறக்குறைய 23.77 லட்சம். வட்டி 9.5 சதவீதத்துக்கு ஒரே தாவாகத் தாவியது என்று வைத்துக்கொண்டால், ஒரு மாத வட்டி 18,816 ரூபாய். நீங்கள் கட்டும் 19,382-இல் அசலுக்குப் போவது 566 ரூபாய். அந்த வேகத்தில் போனால் கடன் தீர இன்னும் 37 ஆண்டு ஆகும். உங்கள் கடனில் வட்டி கொஞ்சம் கொஞ்சமாக ஏறி, 2025-இல் ரெப்போ குறையத் தொடங்கியதும் இறங்கியிருப்பதால் நிலைமை இவ்வளவு மோசமாகவில்லை.

முறையா என்று கேட்டீர்கள். 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கென்றே ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன்தாரருக்கு உண்டு. ஒரு தொகையை முன்கூட்டிக் கட்டவும் செய்யலாம். மாற்றத்தை வங்கி உங்களுக்குத் தெரிவிக்க வேண்டும்.

கிளைக்குப் போய், "கடன் 2041-இல் முடியும்படி தவணையைத் திருத்துங்கள்" என்று எழுதிக் கொடுத்து, ஒப்புதல் முத்திரையோடு நகல் வாங்கிக்கொள்ளுங்கள். கூடவே, புதிதாகச் சேருகிறவர்களுக்கு இன்று என்ன வட்டி என்றும் கேளுங்கள். உங்களுக்குப் போடும் வட்டி அதைவிட அதிகமாக இருந்தால், ஒரு சிறு கட்டணம் கட்டி மாற்றிக்கொள்ள முடியும். இதை வங்கி வலிய வந்து சொல்லாது. 30 நாளில் பதில் இல்லை என்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் (ஒம்புட்ஸ்மேன்) இலவசமாகப் புகார் செய்யலாம். விவரம் கேட்க 14448 என்ற எண் இருக்கிறது.

கேள்வி: திருப்பாதிரிப்புலியூரில் ஒரு தனியார் நிதி நிறுவனம் வீட்டுப் பத்திரத்தின் பேரில் 10 லட்சம் தருகிறேன் என்கிறது. வட்டி 7 சதவீதம்தான், 10 ஆண்டு. வங்கி 9 சொல்கிறது. தனியாரிடம் போகலாமா?

பதில்: "பிளாட் வட்டியா?" என்று ஒரு வார்த்தை கேளுங்கள். ஆமாம் என்றால், பத்து ஆண்டும் முழு 10 லட்சத்துக்கே வட்டி போடுவார்கள். நீங்கள் அசலைக் கட்டக் கட்டக் குறையாது. வட்டி 7 லட்சம், மாதத் தவணை 14,167 ரூபாய். வங்கிக் கணக்குப்படி பார்த்தால் இது ஏறக்குறைய 11.7 சதவீதம். வங்கியின் 9 சதவீதமே மலிவு.

கேள்வி: புதுச்சேரி லாஸ்பேட்டையில் வீடு வாங்கக் கடன் உறுதியாகிவிட்டது. கடைசி நேரத்தில், 90,000 ரூபாய்க்குக் காப்பீடு எடுத்தால்தான் காசோலை என்கிறார்கள். "கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடுகிறோம்" என்றும் சொல்கிறார்கள். எடுக்கத்தான் வேண்டுமா?

பதில்: முதலில் அது என்ன காப்பீடு என்று பாருங்கள். கடன்தாரர் இறந்தால் கடனை அடைக்கும் ஆயுள் காப்பீடு ஒன்று. வீட்டுக்கு வரும் சேதத்துக்கான காப்பீடு இன்னொன்று. இரண்டையும் ஒரே பேச்சில் கலந்து சொல்வார்கள்.

90,000-ஐக் கடனோடு சேர்த்தால் 8.5 சதவீதத்தில் 20 ஆண்டுக்கு மாதம் 781 ரூபாய் கூடும். கட்டி முடிக்கும்போது 1.87 லட்சம். ஆயுள் பாதுகாப்பு வேண்டாம் என்று சொல்லமாட்டேன். வீட்டில் ஒருவர் சம்பளம் மட்டும் என்றால் கட்டாயம் வேண்டும். ஆனால் அதே தொகைக்குச் சாதாரண டேர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தருவது) என்ன விலை என்று வெளியே விசாரித்துவிட்டு முடிவு செய்யுங்கள். ஏற்கெனவே போதுமான பாலிசி இருந்தால் அதைக் காட்டுங்கள். தாங்கள் விற்கிற பாலிசியைத்தான் வாங்க வேண்டும் என்றால், எந்த விதியின்படி என்று எழுத்தில் கேளுங்கள். பெரும்பாலும் அதோடு குரல் இறங்கிவிடும்.

வீட்டுச் சேதக் காப்பீட்டைத்தான் நம் பக்கத்து மக்கள் அலட்சியம் செய்கிறார்கள். 2011 டிசம்பர் 30-ஆம் தேதி தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையேதான் கரையைக் கடந்தது. 2024 நவம்பரில் ஃபெஞ்சல் புதுச்சேரி அருகே; அடுத்த சில நாளில் தென்பெண்ணை பெருகிக் கடலூரின் பல குடியிருப்புகளில் தண்ணீர் புகுந்தது. பாலிசியில் புயலும் வெள்ளமும் சேர்ந்திருக்கிறதா என்று பார்த்து எடுங்கள். கடற்கரைக்குக் கிட்டே என்றால் உப்புக்காற்றுக்கும் ஒரு தொகை ஒதுக்க வேண்டும். ஜன்னல் கம்பி துருப்பிடிக்கும். கூரைக் கான்கிரீட்டுக்குள் கம்பி துருவேறி, காரை பெயர்ந்து விழும். தவணையை மட்டும் கணக்குப் பார்த்து வீடு வாங்கியவர்கள் இந்தச் செலவுக்குத்தான் மறுபடியும் கடன் தேடி அலைகிறார்கள்.

கையெழுத்துக்கு முன் ஒரு காகிதத்தைக் கேட்டு வாங்குங்கள். 2024 அக்டோபர் 1 முதல் வீட்டுக்கடன் உள்ளிட்ட தனிநபர் கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை தருவது கட்டாயம், கே.எஃப்.எஸ். என்று கேட்டால் தெரியும். வட்டியோடு செயலாக்கக் கட்டணம், சட்டக் கருத்துக் கட்டணம், காப்பீடு எல்லாம் சேர்ந்து ஆண்டுக்கு எத்தனை சதவீதம் ஆகிறது என்று அதில் ஒற்றை எண்ணாகப் போட்டிருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியை விட்டுவிட்டு அந்த எண்ணைப் பாருங்கள்.

கேள்வி: நெய்வேலியில் பணி. 30 லட்சம் வீட்டுக்கடனில் ஓர் ஆண்டு முடிந்திருக்கிறது, 8.5 சதவீதம், 20 ஆண்டு. கையில் 2 லட்சம் இருக்கிறது. கடனில் கட்டலாமா, வைப்புநிதியில் போடலாமா? வருமான வரிச் சலுகை போய்விடும் என்று நண்பர்கள் பயமுறுத்துகிறார்கள்.

பதில்: கட்டுங்கள். இன்று 2 லட்சம் கட்டினால் கடன் 34 மாதம் முன்னதாக முடியும், ஏறக்குறைய 6.9 லட்சம் வட்டி மிச்சம். இதே 2 லட்சத்தைப் பத்தாவது ஆண்டில் கட்டினால் மிச்சம் 2.4 லட்சம்தான். முன்கூட்டிக் கட்டும் பணத்துக்கு வேலை முதல் ஆண்டுகளில்தான் அதிகம்.

ஆறு மாதச் செலவுக்கான பணத்தைத் தொடாமல் வைத்துக்கொண்டு மீதியைக் கட்டுங்கள். கட்டும்போது, "தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். தவணையைக் குறைத்துவிட்டால் பலன் பாதிக்குமேல் கரைந்துவிடும். தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக்கடனுக்கு முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் கிடையாது. யாராவது கேட்டால் தராதீர்கள்.

வரிச் சலுகை விஷயத்தில் உங்கள் நண்பர்கள் பழைய கணக்கைச் சொல்கிறார்கள். சொந்தக் குடியிருப்புக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிக்கலாம் என்பது பழைய வரிமுறையில். புதிய முறையில் அந்தக் கழிவு இல்லை. பழைய முறையில் 20 சதவீத வரி கட்டுகிறவர்கூட, 100 ரூபாய் வட்டி கட்டினால் திரும்பப் பெறுவது 20 ரூபாயும் சொச்சமும்தான். மீதி 80 ரூபாய் போனது போனதுதானே?

கேள்வி: மஞ்சக்குப்பம் வீட்டுக்கடனை மூன்று மாதத்துக்கு முன்பே அடைத்துவிட்டேன். பத்திரம் தலைமை அலுவலகத்திலிருந்து வர வேண்டும் என்று இழுக்கிறார்கள்.

பதில்: கடன் முழுவதும் தீர்ந்த 30 நாளுக்குள் மூல ஆவணங்களைத் திருப்பித் தர வேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் இருக்கும் ரிசர்வ் வங்கி விதி இது. அடைத்த தேதியைக் குறிப்பிட்டு, இழப்பீட்டையும் கேட்டுப் பதிவுத் தபாலில் கடிதம் அனுப்புங்கள். பத்திரம் கைக்கு வந்ததும் வேலை முடிந்துவிடவில்லை. கடன் வாங்கியபோது, பத்திரத்தை வங்கியில் ஈடாக ஒப்படைத்ததற்கான எம்.ஓ.டி. ஆவணத்தைப் பதிவு செய்திருப்பீர்கள், அது வில்லங்கச் சான்றில் நிற்கும். வங்கி அதிகாரி சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வந்து கடன் தீர்ந்தது என்று ரசீது ஆவணம் பதிந்து கொடுக்க வேண்டும். அது பதிவான பிறகு புதிதாக ஒரு வில்லங்கச் சான்று எடுத்து, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.