6 கி.மீ. தள்ளி இருக்கும் கிராமத்துக்கு ஃபைபர் லைன் இழுக்க எங்கிருந்து தொடங்குவது?

கேள்வியின் சுருக்கம் இதுதான்: டவுனிலிருந்து 6 கி.மீ. தள்ளி 200 வீடுள்ள கிராமம், கேபிள் டிவி லைன் ஏற்கெனவே ஓடுகிறது, அதை ஃபைபராக மாற்றி நெட் கொடுக்க வேண்டும்.

நானும் தஞ்சாவூர்ப் பக்கம் கேபிள் டிவி நடத்திவிட்டு ஃபைபருக்கு மாறியவன்தான். ஐஎஸ்பி (இன்டர்நெட் சேவை தரும்) உரிமம் உள்ள ஒரு நிறுவனத்தோடு பார்ட்னராகக் கையெழுத்துப் போடும்வரை ஒரு மீட்டர் கேபிள்கூட வாங்காதீர்கள். மின்கம்பத்தில் கட்டினால் மின்வாரியத்திடம் அனுமதி, ரோட்டைக் கடந்தால் அந்த ரோடு யாருடையதோ அவர்களிடம் அனுமதி. நடுவில் ரயில் பாதை இருந்தால் முதல் நாளே மனு கொடுத்துவிடுங்கள், மற்ற வேலையெல்லாம் முடிந்த பிறகும் அது வந்திருக்காது.

அப்புறம் பவர் கணக்கு. ஓஎல்டி என்பது ஃபைபர் வழியாக எல்லா வீட்டுக்கும் வெளிச்சம் அனுப்பும் மெஷின், டிபிஎம் அந்த வெளிச்சத்தின் பலத்தைச் சொல்லும் அளவு. டவுனில் இருக்கும் ஓஎல்டியிலிருந்து வெளிச்சம் +3 டிபிஎம்மில் கிளம்புகிறது என்று வையுங்கள். கி.மீ.க்கு 0.35 டெசிபல் வீதம் 6 கி.மீ.க்கு 2 போய்விடும். ஊர் நடுவில் ஒரு 1:4 ஸ்பிளிட்டர், அதாவது ஒரு வெளிச்சத்தை நாலாகப் பிரிப்பது, அதில் 7 போகும். தெருவில் ஒரு 1:8, அதில் பத்தரை. ஒட்டு, கனெக்டர் எல்லாம் சேர்த்து இன்னொரு 2. ஆக, வீட்டுப் பெட்டிக்கு மைனஸ் 19 வாக்கில் வந்து சேரும். பெட்டி மைனஸ் 27 வரை தாங்கும். மிச்சம் 8 இருக்கிறதே என்று கூடுதலாக ஸ்பிளிட்டர் செருகும் ஆட்கள் நிறைய. செய்யாதீர்கள். லைன் அறுந்து ஒட்டும் ஒவ்வொரு முறையும் அந்த எட்டிலிருந்துதான் கொஞ்சம் கொஞ்சமாகக் கழியப்போகிறது.

இந்தக் கணக்கில் ஒரு போர்ட்டுக்கு 32 வீடு, 200 வீட்டுக்கு 7 போர்ட். 8 போர்ட் ஓஎல்டி போதும். போர்ட்டுக்கு ஒரு கோர், அதாவது கேபிளுக்குள் போகும் ஒரு கண்ணாடி நார். 7 கோர்தானே தேவை, 12 கோர் கேபிள் வாங்கலாமே என்று தோன்றும். 24 வாங்குங்கள். கம்பத்துக்குக் கம்பம் ஏறி இறங்கும் கூலி இரண்டுக்கும் ஒன்றுதான்.

தரைக்கடியில் போடலாமா என்றால், நல்லதுதான். பெரிய டெலிகாம் லைன்களை 1.65 மீட்டர் ஆழத்தில் பைப்புக்குள் போடுவார்கள். 200 வீட்டு வருமானத்தில் அந்தப் பள்ளத்துக்குக் கட்டாது. அரைகுறையாக ஓரடி ஆழத்தில் போடுவதற்குக் கம்பமே மேல், குடிநீர்க் குழாய்க்கு வரும் ஜேசிபி ஒரே இழுப்பில் எடுத்துவிடும். கம்பத்திலும் ஆபத்து இல்லாமல் இல்லை. 2018 நவம்பர் கஜாவில் எங்கள் பக்கம் கம்பங்களே படுத்துவிட்டன.

வழியை பைக்கில் பார்க்காதீர்கள், நடந்து பாருங்கள். 6 கி.மீ. காலையில் ஆரம்பித்தால் மத்தியானத்துக்குள் முடிந்துவிடும். அறுவடை சமயத்தில் வைக்கோல் ஏற்றிய டிராக்டர் எந்த ரோட்டில் திரும்புகிறது, அங்கே கேபிள் எவ்வளவு உயரத்தில் போக வேண்டும் என்று பார்த்துக்கொள்ளுங்கள். தேர் எந்த வீதியில் ஓடுகிறது என்றும் டீக்கடையில் கேட்டுவிடுங்கள். தேர் வீதியில் வருஷத்துக்கு ஒருமுறை லைனை அவிழ்த்துக் கட்ட வேண்டியிருக்கும், அங்கே ஜாயிண்ட் பாக்ஸ் வைக்கக் கூடாது.

நான் சறுக்கிய இடத்தை இனிச் சொல்கிறேன். ஒரு நாள் சாயங்காலம் பாதி ஊரில் பெட்டிகளில் சிவப்பு லைட். லைன் எத்தனை தூரத்தில் அறுந்தது என்று காட்டும் கருவியான ஓடிடிஆரைச் சொருகினால் 3.4 கி.மீ.யில் அறுந்திருக்கிறது என்றது. பைக் மீட்டரைப் பார்த்து 3.4 கி.மீ. போய் நின்றோம். கேபிள் முழுசாக இருந்தது. முன்னும் பின்னும் இரண்டு மணி நேரம் டார்ச் அடித்தோம். கடைசியில் இருநூறு மீட்டர் பின்னால், ஒரு தென்னந்தோப்பு ஓரத்தில், அணில் கடித்த இடம் கிடைத்தது. கீழே நின்று பார்த்தால் தெரியவே தெரியாது.

ஓடிடிஆர் பொய் சொல்லவில்லை. அது நாரின் நீளத்தைச் சொன்னது, நாங்கள் ரோட்டின் நீளத்தை அளந்தோம். கம்பங்களில் சுருட்டிவைத்த லூப் ஒவ்வொன்றும் 15 மீட்டர், கேபிளின் தொய்வு வேறு, உறைக்குள் நார் கொஞ்சம் முறுக்கிக் கிடப்பதால் கூடும் நீளம் வேறு. எல்லாம் சேர்ந்துதான் அந்த இருநூறு மீட்டர்.

கேபிள் உறையின்மேல் மீட்டருக்கு மீட்டர் எண் அச்சடித்திருக்கும், பார்த்திருப்பீர்கள். கட்டும்போதே ஒருவர் கீழே நின்று நோட்டில் எழுதிக்கொண்டே வரட்டும்: கம்பம் 41க்கு 1186, கம்பம் 42க்கு 1224, அங்கே லூப், வெளியே வரும்போது 1239. கேபிள் சுற்றி வரும் டிரம் மாறினால் எண்ணும் மாறும், அதையும் குறியுங்கள். இந்த நோட்டு இருந்தால் ஓடிடிஆர் சொல்லும் இடத்துக்கு இரண்டு கம்பம் முன்னே பின்னே போய் நின்றுவிடலாம். எங்களிடம் அன்று இல்லை. லூப்பை மட்டும் மிச்சம் பிடிக்காதீர்கள். லூப் இருந்தால் இழுத்து ஒரே இடத்தில் ஒட்டலாம். இல்லாவிட்டால் நடுவில் துண்டு கேபிள் போட்டு இரண்டு இடத்தில் ஒட்ட வேண்டும். வேலையும் இரட்டிப்பு, லாஸும் இரட்டிப்பு.

ஒட்டுவதற்கு ஆரம்பத்தில் ஆள் வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். நாரின் மேல்பூச்சை உரித்து, ஆல்கஹாலில் துடைத்து, கிளீவரில் வெட்டி ஒட்டும் மெஷினில் வைத்தால் திரையில் இரண்டு முனையும் நேருக்கு நேர் வரும். ஒரு மின்பொறி, 0.02 என்று லாஸ் காட்டும், முடிந்தது. வெட்டிய துணுக்கை ஊதிவிடாதீர்கள், டேப்பில் ஒட்டி எடுங்கள். முடி மாதிரி மெல்லிசான கண்ணாடி, விரலில் ஏறினால் லேசில் வெளியே வராது. ராத்திரி மஞ்சள் டார்ச்சில் வெள்ளைக் கோரும் சாம்பல் கோரும் ஒன்றுபோலத்தான் இருக்கும், வெள்ளை வெளிச்சம் கொண்டுபோங்கள்.

பிறகு, ஒட்டிய இடத்தை மூடிக் காக்கும் அந்தச் சின்னக் குழல், ஸ்லீவ். ஒட்டுவதற்கு முன்பே நாரில் கோர்த்திருக்க வேண்டும், ஒட்டிய பிறகு நுழையாது. 24 கோரில் ஒன்றிலாவது இதை மறக்காத ஆளை நான் பார்த்ததில்லை. மறந்தால் வெட்டிவிட்டு மறுபடி ஒட்ட வேண்டியதுதான், அதற்காகத்தான் ஜாயிண்ட் பாக்ஸுக்குள் இருக்கும் டிரேயில் ஒரு மீட்டர் நார் சுருட்டி வைப்பது.