செவ்விலைக்கு எந்தத் தேதி? கொரிய மலைக் கோயில்களுக்கு ஒரு நாள் பயணம்

கேள்வி: நவம்பர் 5 முதல் 11 வரை பெற்றோருடனும் கணவருடனும் சியோலில் தங்குகிறேன். அப்பாவுக்கு 71 வயது, நன்றாக நடப்பார். அம்மாவுக்கு மூட்டுவலி, சைவம், முட்டைகூட சாப்பிட மாட்டார். இலையுதிர் கால நிறங்களையும் கிராமப்புறக் கோயில்களையும் ஒரே நாளில் பார்க்க ஆசை. வழிகாட்டியோடு செல்லும் இரண்டு பஸ் சுற்றுலாக்களைக் குறித்து வைத்திருக்கிறேன். ஒன்று சொராக்சான் மலையும் நாமி தீவும். மற்றொன்று நெஜாங்சான் மலையும் பெக்யாங்சா கோயிலும். எதைத் தேர்ந்தெடுக்கலாம்? நாங்களாகவே போய்வர முடியுமா? (சிங்கப்பூரிலிருந்து ஒரு வாசகி)

பதில்: இரண்டாவதை எடுங்கள். 11-ஆம் தேதிக்கு எவ்வளவு நெருக்கமாக ஒரு வார நாள் கிடைக்கிறதோ அந்த நாளில் போங்கள். சனி, ஞாயிறு வேண்டவே வேண்டாம்.

முதல் சுற்றுலாவில் குற்றமில்லை, உங்கள் தேதிதான் அதற்குப் பிந்திவிட்டது. இலைகள் நிறம் மாறுவதைக் கொரியர்கள் ‘தன்புங்’ என்கிறார்கள். அது வடக்கிலிருந்து தெற்கே போகும், மலை உச்சியிலிருந்து அடிவாரத்துக்கு இறங்கும். நாளொன்றுக்குச் சுமார் 20 கிலோமீட்டர் தெற்கே நகர்கிறது, மலைச்சரிவில் 40 மீட்டர் போலக் கீழே வருகிறது என்பது அங்கே வழக்கமாகச் சொல்லும் கணக்கு. வடகிழக்கு மூலையில் உயர்ந்து நிற்கும் சொராக்சானின் உச்சியில் செப்டம்பர் கடைசியிலேயே தொடங்கி, அக்டோபர் பிற்பாதியில் மலை முழுவதும் சிவந்துவிடும். நவம்பர் 5-க்கு மேல் போனால் பாறைகளையும் மொட்டைக் கிளைகளையும் பார்த்துவிட்டு வரலாம். அந்தப் பாறைகள் பார்க்க வேண்டியவைதான், ஆனால் நீங்கள் கேட்டது இலை. நாமி தீவின் மரச்சாலைகள் அந்த வாரத்தில் நன்றாக இருக்கக்கூடும். ஆனால் அது ஒரு பூங்காத் தீவு. அங்கே போய்க் கோயிலைத் தேட முடியாது.

நெஜாங்சான் தென்மேற்கில் இருக்கிறது. அதன் முறை கடைசியில்தான் வரும்: பெரும்பாலும் நவம்பர் முதல் வாரக் கடைசியிலிருந்து இரண்டாம் வாரம் வரை. வெயில் நீடிக்கும் ஆண்டுகளில் இன்னும் சில நாள் தள்ளிப்போகும். உங்கள் ஒரு வாரத்தில் பிந்திய நாளைப் பிடிக்கச் சொல்வது அதனால்தான். விளம்பரப் படத்தை நம்பித் தேதி முடிவு செய்யாதீர்கள்; அது எந்த ஆண்டின் எந்த நல்ல காலையில் எடுத்ததோ! கொரிய வானிலைத் துறை முக்கியமான மலைகளுக்குத் தன்புங் நிலையை வெளியிடுகிறது. உச்சியிலிருந்து மலையில் ஐந்தில் ஒரு பங்கு நிறம் மாறினால் அது தொடக்கம், ஐந்தில் நான்கு பங்கு மாறினால் உச்சம். தொடக்கம் என்று அறிவித்ததிலிருந்து உச்சத்துக்கு ஏறத்தாழ இரண்டு வாரம் என்று வைத்துக்கொண்டால், சிங்கப்பூரில் இருந்தபடியே நாளைத் தேர்ந்துவிடலாம்.

பெயர்களில் ஒரு குழப்பம் வரும். ‘சான்’ என்று முடிந்தால் மலை, ‘சா’ என்று முடிந்தால் கோயில். நெஜாங்சான் என்பது மலை, தேசியப் பூங்கா. நெஜாங்சா அதன் வடபுறத்தில், ஜொங்குப் நகரை ஒட்டிய கோயில். பெக்யாங்சா அதே பூங்காவின் தென்புறம், ஜாங்சொங் மாவட்டத்தில் இருக்கிறது. இரண்டுக்கும் நடுவே சாலைவழி முக்கால் மணி நேரம். கூட்ட நாளில் அதற்கு வரம்பில்லை.

இப்போது நேரக் கணக்கு. பணம் கட்டும் முன் சுற்றுலா நிறுவனத்தாரிடம் ஒன்றே ஒன்று கேட்பதானால் இதைக் கேளுங்கள்: பஸ்ஸைவிட்டு இறங்கி மண்ணில் நிற்கும் நேரம் எவ்வளவு? சியோலிலிருந்து அங்கே 250 கிலோமீட்டருக்கு மேல். காலை 7 மணிக்குக் கிளம்பினால் வழியில் ஒரு நிறுத்தத்தோடு 10.30 அல்லது 11 மணி. மாலை 4 மணிக்குத் திரும்பினால் இரவு 8 ஆகும். பதின்மூன்று மணி நேரப் பயணத்தில் கையில் மிஞ்சுவது ஐந்து மணி. அதில் சாப்பாட்டுக்கு ஒன்று, கோயிலுக்குக் கோயில் மாற முக்கால். மீதி மூன்று மணி நேரமும் சில நிமிடங்களும்தான் உண்மையில் நீங்கள் காசு கொடுத்து வாங்குவது. இதில் மூன்றாவதாக ஒரு கிராமம், ஒரு தேயிலைத் தோட்டம் என்று சேர்த்திருந்தால் அந்தச் சுற்றுலாவை விட்டுவிடுங்கள். பல ஆண்டுகளுக்கு முன் நானும் அப்படி நான்கு இடம் காட்டும் பயணத்தில், அதுவும் ஒரு சனிக்கிழமையில், போய் மாட்டிக்கொண்டேன். நெஜாங்சானில் எங்களுக்குக் கிடைத்தது நாற்பது நிமிடம். கழிப்பறை வரிசைக்கே அதில் பாதி போயிற்று.

நீங்களாகவே போகவும் வழி இருக்கிறது. சியோலின் யோங்சான் நிலையத்திலிருந்து கேடிஎக்ஸ் அதிவேக ரயிலில் ஜொங்குப்புக்கு ஒன்றரை மணி நேரம் அல்லது சற்று அதிகம். அங்கிருந்து உள்ளூர் பஸ்ஸிலோ டாக்சியிலோ அரை மணி நேரத்தில் நெஜாங்சான் வாயில். டிக்கெட் விற்பனை ஒரு மாதம் முன்னதாகத் திறக்கும். இந்தப் பருவத்தில் வார இறுதி இடங்கள் விரைவில் போய்விடும். ஆனால் ரயிலில் போய் இரு கோயில்களையும் பார்ப்பது கடினம். அதனால் என் கணக்கு இப்படி: வார நாள் அமைந்தால் சுற்றுலா பஸ், இரண்டு கோயிலும். வார இறுதிதான் வாய்க்கும் என்றால் ரயில், நெஜாங்சான் மட்டும். வாடகைக் காரை நினைக்கவே வேண்டாம். சியோலிலிருந்து தெற்கே செல்லும் கியோங்பு விரைவுச்சாலையில் பஸ்களுக்கென்று தனித் தடம் உண்டு. வார இறுதிகளில் சுற்றுலா பஸ் அதில் போய்க்கொண்டிருக்க, கார்கள் பக்கத்தில் ஊர்ந்துகொண்டிருக்கும்.

வழிகாட்டி தேவையா என்றால், பயணத்துக்குத் தேவை, கோயிலுக்கு அவ்வளவாக இல்லை. பெரும்பாலான வழிகாட்டிகள் பஸ்ஸில் ஒலிவாங்கியைப் பிடித்து எல்லாவற்றையும் சொல்லி முடித்துவிட்டு, “மூன்றரைக்குத் திரும்புங்கள்” என்று விட்டுவிடுவார்கள். ஆகவே கோயிலில் பார்க்க வேண்டியதை நானே சொல்லிவிடுகிறேன்.

நெஜாங்சாவுக்கு மரங்களுக்காகப் போங்கள், கட்டடங்களுக்காக அல்ல. கி.பி. 636-இல் தோன்றியதாகச் சொல்லப்படும் கோயில்தான்; ஆனால் அதன் பிரதானக் கூடம் 2012-இல் எரிந்தது, திரும்பக் கட்டியது 2021 மார்ச்சில் மறுபடியும் எரிந்தது. இரண்டாம் முறை தீ வைத்தது ஒரு துறவியே. மரங்களுக்கு ஒன்றும் நேரவில்லை. இல்ஜுமுன் எனப்படும் ஒற்றை வரிசைத் தூண் வாயிலிலிருந்து கோயில் வரை 108 மேப்பிள் மரங்கள் இருபுறமும் நின்று தலைக்கு மேல் கைகோத்திருக்கும். 108 என்ற எண்ணின் பொருளை உங்கள் பெற்றோருக்குச் சொல்லத் தேவையிருக்காது. பூங்கா வாயிலிலிருந்து கோயில் ஏறத்தாழ 3 கிலோமீட்டர். சமதளம்தான் என்றாலும் அம்மாவுக்கு அது அதிகம். வழியில் பெரும்பகுதிக்கு ஷட்டில் பஸ் ஓடுகிறது, அதில் ஏற்றிவிடுங்கள். அப்பா நடக்கட்டும், குளத்தின் நடுவே உஹ்வாஜொங் என்ற மண்டபம் இருக்கிறது, அங்கே நின்று போகலாம். கேபிள் காரில் மேலேறினால் பள்ளத்தாக்கு முழுவதும் தெரியும். வரிசை நீண்டிருந்தால் விட்டுவிடுங்கள், மூன்று மணி நேரத்தில் ஒன்றை அங்கே கொடுப்பது நட்டம்.

என் மனம் சாய்வது பெக்யாங்சாவின் பக்கம். ‘வெள்ளை ஆட்டுக் கோயில்’ என்று பெயர்ப்பொருள்: துறவி ஒருவர் சூத்திரம் ஓதியபோது மலையிலிருந்து வெள்ளை ஆடு ஒன்று இறங்கி வந்து கேட்டதாம். இரண்டு ஓடைகள் சேருமிடத்தில் சாங்கியெரு என்ற மரமண்டபம். அதன் பின்னால் பெக்ஹாக்பொங் என்ற வெண்பாறை முகடு. முன்னால் தடுப்பணை கட்டிய நீர். மண்டபமும் பாறையும் மரங்களும் நீரில் தலைகீழாகத் தெரியும். இந்தப் பக்கத்து மேப்பிள் இலைகள் சிறியவை. குழந்தையின் உள்ளங்கையைப் போல இருப்பதால் ‘எகி தன்புங்’, அதாவது குழந்தை மேப்பிள் என்கிறார்கள். கோயிலைச் சுற்றிப் பசுமை மாறாத பிஜா மரக்காடு இருப்பதால் சிவப்பு இன்னும் எடுப்பாகத் தெரிகிறது. காற்று எழுந்தால் நீரில் பிம்பம் கலைந்துவிடும், அதனால் காலையில் இதை முதலில் காட்டும் சுற்றுலா கிடைத்தால் நல்லது. நடை சமதளம், அம்மாவுக்கு இது ஒத்துவரும்.

கோயிலுக்குள் நுழையும்போது வாயில் மண்டபத்தில் நான்கு பெரிய உருவங்கள் கண்களை உருட்டி நிற்கும். அம்மா பயப்பட வேண்டாம், திசைக் காவலர்கள். வடதிசைக்குரியவர் வைஸ்ரவணன், நம்முடைய குபேரன்தான். செருப்பை வெளிவாயிலில் விடத் தேவையில்லை, கூடத்தின் படியில் விட்டால் போதும். நவம்பரில் அந்த மரத்தரை சில்லென்று ஏறும், தடித்த காலுறை அவசியம். கூடத்தின் நடுக்கதவு துறவிகளுக்கானது, நாம் பக்கக் கதவால் நுழைய வேண்டும். உள்ளே படம் எடுக்கக் கூடாது. பின்புறம் சிறிய சன்னதி ஒன்று தென்பட்டால் எட்டிப் பாருங்கள், கிழவர் ஒருவர் புலியோடு உட்கார்ந்திருப்பார். அவர் மலைத்தெய்வம், பௌத்தம் வருமுன்பே அங்கே இருந்தவர். கழிப்பறைப் பலகையில் ‘ஹேவுசோ’ என்று இருக்கும்: கவலை தீர்க்கும் இடம் என்று பொருள். இதைவிடப் பொருத்தமான பெயரை நான் எந்த நாட்டிலும் பார்த்ததில்லை.

நுழைவுக் கட்டணம் பற்றி ஒரு வார்த்தை. ஜோக்யே பௌத்தப் பிரிவைச் சேர்ந்த பெரும்பாலான கோயில்களில் 2023 மே மாதம் முதல் அது நீக்கப்பட்டுவிட்டது. இந்த இரண்டும் அந்தப் பிரிவைச் சேர்ந்தவை. ‘கோயில் நுழைவுக் கட்டணம் உட்பட’ என்று விலையை உயர்த்திக் காட்டினால் எதற்கு என்று கேளுங்கள்.

சாப்பாடுதான் உண்மையான சிக்கல். கொரியக் கோயில் உணவு முழுச் சைவம். அதில் பூண்டு, வெங்காயத்தாள் உள்ளிட்ட காரநெடியுள்ள ஐந்து பொருள்களும் விலக்கு. அந்த ஐந்தில் ஒன்று ‘ஹுங்கோ’. அது வேறொன்றுமில்லை, சமஸ்கிருதத்தின் ஹிங்கு, நம் சாம்பாரின் பெருங்காயம்! கொரியாவில் அது விளைவதுகூட இல்லை. பட்டியலில் மட்டும் ஆயிரம் ஆண்டுக்கு மேலாக விலக்கி வைத்திருக்கிறார்கள். ஆனால் பகல் சுற்றுலாவில் உங்களுக்குக் கிடைப்பது கோயில் உணவு அல்ல, அடிவாரத்துக் கடைச் சாப்பாடு. அங்கே ‘சான்சே பிபிம்பாப்’ கேளுங்கள்: மலைக்கீரைகளைச் சோற்றின்மேல் பரப்பித் தருவது. மேலே முட்டை வைப்பார்கள், சில கடைகளில் இறைச்சியும் தூவுவார்கள். “கோகி, செங்சொன், கெரான் ப்பே ஜுசெயோ” என்றால் இறைச்சி, மீன், முட்டை வேண்டாம் என்று பொருள். கொரிய எழுத்தில் எழுதி வைத்துக் காட்டுவது இன்னும் நல்லது. சொன்ன பிறகும் இரண்டு பொறிகள் உண்டு. கூடவே வரும் பருப்பு நிற சூப் சோயா விழுதில் செய்தது, ஆனால் அதன் அடிநீர் பெரும்பாலும் நெத்தலிக் கருவாட்டுச் சாறு. கிம்ச்சியில் உப்பிட்ட இறாலோ மீன்சாறோ சேர்ந்திருக்கும். இரண்டையும் அம்மாவின் பக்கத்திலிருந்து நகர்த்திவிடுங்கள். நெடுஞ்சாலை நிறுத்தத்தில் சூடாக விற்கும் வால்நட் பணியாரத்தின் மாவில் முட்டை உண்டு. கையில் நாலு சப்பாத்தி இருக்கட்டும். எலுமிச்சை சாதம் அந்தக் குளிரில் கல்லாகிவிடும்.

காலையில் பஸ் ஏறும்போது 4, 5 டிகிரி, மதியம் 15 டிகிரி என்று இருக்கும். ஒரே தடிமன் கோட்டைவிட ஒன்றன்மேல் ஒன்றாக மெல்லிய உடைகள் உதவும். ஈர இலைகள் கல்லில் எண்ணெய்போல வழுக்கும். அம்மாவுக்குக் கைத்தடி ஒன்று கொண்டுவாருங்கள்.

பணம் கட்டும் முன் இன்னும் இரண்டு கேட்டுக்கொள்ளுங்கள். ஆள் குறைந்தால் பயணத்தை ரத்து செய்வார்களா, செய்தால் எத்தனை நாள் முன்னே சொல்வார்கள்? பஸ் கோயிலுக்கு எவ்வளவு அருகில் நிற்கும்? இந்த இரண்டாவது கேள்விக்கு மழுப்பினால் வேறு நிறுவனத்தைப் பாருங்கள்.

உங்கள் தேதி பத்து நாள் முன்னே நகர்ந்தால் என் பதிலும் மாறும். அப்போது நடுநாட்டில் சொங்னிசான் மலையிலுள்ள பொப்ஜுசாவுக்குப் போகச் சொல்வேன். பழைய ஐந்தடுக்கு மரக்கோபுரமும் 33 மீட்டர் உயரப் பொன்னிற மைத்ரேய புத்தர் சிலையும் அங்கே பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. 2018-இல் யுனெஸ்கோ உலக மரபுப் பட்டியலில் சேர்த்த ஏழு மலைக் கோயில்களில் அது ஒன்று. சியோலிலிருந்து தூரமும் குறைவு. போகும் வழியில் ஒரு கிழட்டுப் பைன் மரம் உண்டு. அரசர் சேஜோவின் பல்லக்கு இடிக்காமல் போகத் தன் கிளையைத் தூக்கிக் கொடுத்ததற்காக அதற்கு அமைச்சர் நிலைப் பதவி தந்தார்கள் என்பது கதை.

திரும்பும் வழியில் ஜாங்சொங் பக்கத்து வீட்டுத் தோட்டங்களில் இலையெல்லாம் உதிர்ந்து ஆரஞ்சுப் பழங்கள் மட்டும் தொங்கும் மரங்களைப் பார்ப்பீர்கள். அவை பெர்சிமன். பறித்து முடித்தபின்னும் உச்சிக் கிளையில் இரண்டு மூன்றை விட்டுவைப்பது அங்கே வழக்கம். ‘கச்சிபாப்’, மேக்பை பறவையின் சோறு என்று பெயர். கோயில் வழிக் கடைகளில் விற்பதில் உலர்ந்த ‘கொத்கம்’ வாங்குங்கள். கனிந்த ‘ஹொங்சி’ தேன்போல இனிக்கும். ஆனால் நாலு மணி நேர பஸ்ஸில் அது அப்பாவின் மடியில் உடைந்து வழிந்தால் என்னைக் குறை சொல்லக் கூடாது.