வாசகர் கேள்வி: முப்பரிமாணத்தில் ரியூ

கேள்வி: ரியூ என்ற வீரன் மோதும் ‘ஸ்ட்ரீட் ஃபைட்டர்’ சண்டை வீடியோ கேம் முப்பரிமாணத்துக்கு மாறியதில் பழைய அழகு போய்விட்டதே ஐயா? (வாசகர், தண்டையார்பேட்டை)

பதில்: போனது பாதி உண்மை, தம்பி. 1997இல் வந்த மூன்றாம் பாகத்தில் ஒவ்வொரு அசைவும் தனித்தனிப் படமாக வரையப்பட்டது. அதில் வரும் வீராங்கனை எலினா நின்ற இடத்திலேயே அசைந்தாடுவாளே, அந்த வழவழப்புக்கு இன்றும் நான் அடிமை. அதற்கு முந்தைய ஆண்டே ‘ஸ்ட்ரீட் ஃபைட்டர் இஎக்ஸ்’ என்ற கிளை ஆட்டம் முப்பரிமாணத்தில் வந்தது. உருவங்கள் கட்டை கட்டையாக இருந்ததால் என் மனம் ஒட்டவில்லை.

2008இல் வந்த நான்காம் பாகம்தான் என்னைக் கவர்ந்தது. உருவங்கள் முப்பரிமாணம், சண்டையோ பழையபடி ஒரே கோட்டில்: முன்னே, பின்னே, மேலே. இதுதான் கெட்டிக்காரத்தனம். ராயபுரத்தில் குத்துச்சண்டை பார்த்து வளர்ந்தவன் நான். எதிராளியின் கை எட்டும் தூரத்தைக் கணிப்பதில்தான் பாதி வெற்றி. அந்தக் கணக்கை இந்த ஆட்டம் குலைக்கவில்லை. எதிராளியின் ஓர் அடியைத் தாங்கிக்கொண்டே ஓங்கித் திருப்பியடிக்கும் ‘ஃபோகஸ்’ தாக்குதலின்போது உடலைச் சுற்றிக் கறுப்பு மை தெறிக்கும். தூரிகை பிடித்த கையின் வேகம் அதில் தெரியும். பெரிய அடி விழும்போது கேமரா சுழன்று முகத்தருகே போகும், வலியில் கண் பிதுங்கும். தட்டைப் படத்தில் அந்தக் கோணத்துக்கென்றே எல்லாவற்றையும் புதிதாக வரைய வேண்டும்.

இரண்டையும் அடுத்தடுத்து ஆடிப் பாருங்கள். முதலில் மூன்றாம் பாகம்.